எங்கே போகிறோம் என்று சொல்லிவிட்டுக் கூப்பிடு

தம்பி பிரபு,

ஞாயிற்றுக்கிழமை நீ போனில் கேட்டதற்கு நான் "சரி, பாக்கலாம்" என்று சொன்னேன் அல்லவா, அது சம்மதம் இல்லை. உன்னிடம் உடனே முடியாது என்று சொல்ல வாய் வரவில்லை, அவ்வளவுதான். நீ அதை எடுத்துக்கொண்டு போய் மாமாவிடம் "அம்மா ஒத்துக்கிட்டாங்க" என்று சொல்லியிருக்கிறாய். மறுநாளே உன் மாமா, என் தம்பி, போன் செய்து, என்றைக்கு வண்டி கொண்டுவரட்டும் என்று கேட்கிறான். அதனால்தான் உட்கார்ந்து எழுதுகிறேன். போனில் பேசினால் உன் குரலைக் கேட்டதும் குழைந்துவிடுவேன். எழுதினால் குழைய மாட்டேன். நான் கணக்கு டீச்சராக இருந்தவள். பேனாவைப் பிடித்தால் எனக்கு இரக்கம் கொஞ்சம் குறைவு என்று என்னிடம் படித்த எந்தப் பிள்ளையும் சொல்லும். இந்தக் கடிதத்தை மறைத்து வைக்க வேண்டாம். மாமாவிடம் காட்டு, நீ கட்டிக்கொள்ளப் போகிற நிவேதாவிடமும் காட்டு. யார் படித்தாலும் எனக்கு ஒன்றும் இல்லை.

நீ கேட்டதை உன் வார்த்தையிலேயே எழுதி வைக்கிறேன், பிறகு நான் திரித்துச் சொன்னேன் என்று ஆகக் கூடாது. "அம்மா, தப்பா எடுத்துக்காத. கல்யாண வேலை ஜாஸ்தி. டென்ஷன்ல உனக்குத் தூக்கம் கெட்டுச்சுன்னா மறுபடி வந்துடும். அதுக்கு முன்னாடியே ஒரு பத்து பாஞ்சு நாள் அங்க போய் ரெஸ்ட் எடுத்துக்க. முகூர்த்தத்துக்கு மொத நாள் நாங்களே வந்து கூட்டிக்கிறோம்." அங்க என்றால் எங்கே என்று கேட்டேன். "அங்கதாம்மா" என்றாய். கடலூரில் அந்த இடத்துக்கு வாசலிலேயே போர்டு மாட்டியிருக்கிறது. அதன் கீழேதான் நீ வண்டியை நிறுத்தினாய். ஆனாலும் அதற்கு என்ன பெயர் என்று உன் வாயில் வரவில்லை. நான் வேண்டுமானால் சொல்கிறேன். மனநல மருத்துவமனை. சொல்லிவிட்டேன், ஒன்றும் ஆகவில்லை.

எனக்கு வியாதி இல்லை என்று நான் எப்போதும் சொன்னதில்லை. டாக்டர் பைபோலார் என்று எழுதுவார். சில மாதம் மனசு தலைக்கு மேலே ஏறிவிடும், சில மாதம் கிணற்றுக்குள் இறங்கிவிடும், மாத்திரை ஒழுங்காகப் போட்டால் பெரும்பாலும் நடுவில் நிற்கும். இரண்டு வருஷத்துக்கு முன் மார்கழித் தேர் சமயத்தில் நான் மாத்திரையை நிறுத்தியிருந்தேன். நன்றாகத்தானே இருக்கிறோம் என்று நினைத்து நிறுத்தினேன். தூக்கம் போனது, சாப்பாடு போனது. ஓய்வு பெற்று வந்த பள்ளிக்கூடத்துக்குள் விறுவிறுவென்று போய், பத்தாம் வகுப்பில் நின்று இருபடிச் சமன்பாடு நடத்தினேன். பிள்ளைகள் பாவம், நோட்டில் எழுதிக்கொண்டார்கள். கணக்கு சரியாகத்தான் இருந்தது, அதை எங்கே வேண்டுமானாலும் வந்து சொல்வேன். கீழவீதியில் பூ விற்கிற பெண்ணுக்கு வளையலைக் கழற்றிக் கொடுத்தேன். அவள் அதைத் திருப்பித் தர வீடு தேடி வந்தபோது அவளைக் கண்டபடி பேசி அனுப்பினேன். தேர்க் கூட்டத்தில் நடுரோட்டில் நின்று பஸ்ஸை மறித்தேன். நீ பெங்களூரிலிருந்து ஓடி வந்தாய். வீட்டு வாசலில் உன் முகம் பயந்துபோய் இருந்தது எனக்கு அந்த நிலையிலும் தெரிந்தது. எனக்கு வைத்தியம் தேவைப்பட்டது. நீ வைத்தியத்துக்கு ஏற்பாடு செய்ததில் உன்மேல் குறையே இல்லை.

எப்படிக் கூட்டிப் போனீர்கள் என்பதுதான் என் குறை. மாமா காலையில் வந்து, "அக்கா, நம்ம பிரபுக்குக் கடலூர்ல ஒரு பொண்ணு வந்திருக்கு. இன்னிக்கு நாளு நல்லாருக்கு, போய்ப் பாத்துட்டு வந்துடுவோம். நீதான் தட்டு எடுக்கணும்" என்றான். நான், "நானாடா? நான் எடுக்கலாமா?" என்றேன். "காலம் மாறிப்போச்சுக்கா. பையனைப் பெத்தவ நீ. நீ எடுக்காம யாரு எடுப்பா?" என்றான். உன் அப்பா இறந்த பிறகு எந்த விசேஷத்திலும் என்னைத் தட்டைத் தொட விட்டதில்லை. இதே தம்பி, தன் மகளின் மஞ்சள் நீராட்டுக்கு நான் வரிசைத் தட்டுப் பக்கம் வந்தபோது, "அக்கா, நீ உள்ள சமையல்காரனைக் கொஞ்சம் பாத்துக்க" என்று நைசாகத் திருப்பி அனுப்பியவன். தாலி இல்லாதவள் தட்டு எடுக்கக் கூடாது என்பதை வாயால் சொல்லாமல் சொல்வதில் நம் குடும்பத்தை யாரும் மிஞ்ச முடியாது. அப்படிப்பட்டவன் திடீரென்று என்னைத் தட்டு எடுக்கச் சொன்னபோதே எனக்குச் சந்தேகம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. சந்தோஷம் வந்தது. பட்டுப்புடவையை எடுத்துக் கட்டினேன். நீ கடைக்குப் போய் மல்லிகைப் பூவும் கற்கண்டும் வாங்கி வந்தாய். நான்தான் தட்டில் வெற்றிலையை அடுக்கினேன்.

வண்டியில் தட்டு என் மடியில் இருந்தது. புதுச்சத்திரம் தாண்டும்போது பெண்ணின் பெயர் என்ன என்று உன்னைக் கேட்டேன். நீ முன்னால் ரோட்டையே பார்த்துக்கொண்டிருந்தாய். மாமாதான் "காவ்யாக்கா" என்றான். அதற்குப் பிறகு கடலூர் வரைக்கும் அந்தப் பெயரை உன் பெயரோடு சேர்த்துச் சொல்லிப் பார்த்துக்கொண்டே வந்தேன். பிரபு, காவ்யா. நன்றாகத்தான் பொருந்துகிறது என்று உன்னிடமே சொன்னேன். இறங்கி உள்ளே போனதும், மேஜைக்குப் பின்னால் உட்கார்ந்திருந்த பெண்ணைப் பார்த்து இவள்தானோ என்று சிரித்தேன். ஒரு நர்ஸ் வந்து, "தட்டை இப்படி குடுங்கம்மா" என்று வாங்கி ஓரமாக வைத்தாள். டாக்டர் எல்லாக் கேள்வியையும் மாமாவிடம் கேட்டார். எத்தனை நாளாகத் தூங்கவில்லை என்பதைக்கூட, தூங்காத என்னை விட்டுவிட்டு அவனிடம் கேட்டார். ஊசி போட என் கையைப் பிடித்தபோது நான் உன்னைத் தேடினேன். நீ வெளியே வண்டிப் பக்கம் போய்விட்டிருந்தாய்.

கண் விழித்தபோது என்மேல் யாருடையதோ ஒரு நைட்டி இருந்தது. கதவு வெளியே பூட்டியிருந்தது. போன் கேட்டேன். "ஃபேமிலி சொன்னாத்தாம்மா தருவோம்" என்றார்கள். கதவைத் தட்டிக்கொண்டே இருந்ததற்காக என் கையைக் கட்டிலோடு சேர்த்துத் துணியால் கட்டினார்கள். நான் யாரையும் அடிக்கவில்லை, தம்பி. தட்டியது கதவைத்தான். அவர்கள் எழுதி வைத்ததில் நான் முரடு பிடித்தேன் என்று இருந்ததாம். மகனுக்குப் பெண் பார்க்கப் போகிறோம் என்று சொல்லித்தான் கூட்டி வந்தார்கள் என்று நான் மறுபடி மறுபடி சொன்னதை, இல்லாததைப் பேசுகிறாள் என்று எழுதியிருந்தார்கள். நான் சொன்னது ஒவ்வொன்றும் உண்மை. அதைச் சொல்ல எனக்குச் சாட்சியாக இருந்த இரண்டு பேரும் வீட்டுக்குப் போய்விட்டார்கள்.

பக்கத்துக் கட்டிலில் சேத்தியாத்தோப்பு அக்கா ஒருவர் இருந்தார். என்னைவிட மூத்தவர், மெதுவாகப் பேசுவார், தன் படுக்கையோடு என் படுக்கையையும் மடித்து வைப்பார். கட்டை அவிழ்த்த அன்று என் கையைத் தேய்த்துவிட்டுக்கொண்டே சொன்னார்: "சத்தம் போடாத டீச்சர். சத்தம் போட்டா எழுதிப்பாங்க. அழுதாலும் எழுதிப்பாங்க. சும்மா இரு. சும்மா இருந்தாத்தான் நல்லாயிட்டேன்னு சொல்லுவாங்க." நான், "நீங்க சும்மாதானே இருக்கீங்க, ஏன் இன்னும் விடல?" என்று கேட்டேன். அவர், "என்னைக் கூட்டிட்டுப் போக ஆளு வரணும்ல" என்றார். அவருடைய தம்பிதான் கொண்டுவந்து சேர்த்தவர். முதலில் வாரம் ஒருமுறை வந்தார், பிறகு பண்டிகைக்கு வந்தார், பிறகு வருவதில்லை. அக்காவுக்கு எப்போதோ சரியாகிவிட்டது என்று நர்ஸுகளே சொன்னார்கள். சரியான மனுஷிக்குத்தான் அந்த இடத்தில் பொழுது போகாது என்பதை அவரைப் பார்த்துத் தெரிந்துகொண்டேன்.

மருந்து வேலை செய்தது. அதையும் எழுதத்தான் வேண்டும், எனக்குச் சாதகமானதை மட்டும் எழுதினால் அது நேர்மை இல்லை. தூக்கம் வந்தது, நிதானம் வந்தது. நிதானம் வந்ததும் வீட்டுக்குப் போகிறேன் என்று டாக்டரிடம் முறையாகக் கேட்டேன். "வீட்டுக்காரங்க வரட்டும்மா" என்றார். நீங்கள் வரவில்லை. பொங்கல் கழியட்டும் என்று மாமா சொன்னானாம், சரி என்று நீயும் சொன்னாயாம். என்னைப் பித்துப் பிடித்தவள் என்று நீங்கள் நினைத்ததைக்கூடப் பொறுத்துக்கொண்டேன் பிரபு. சரியான பிறகும் விட்டுவைத்தீர்களே, அதைத்தான் இன்னும் என்னால் ஜீரணிக்க முடியவில்லை.

என்னைத் தேடி வந்தது மெஹர். லால்பேட்டையிலிருந்து தினமும் பஸ் ஏறி வந்து எங்கள் பள்ளியில் அறிவியல் நடத்தியவள், என் பக்கத்து நாற்காலிக்காரி. என் போன் அணைந்து கிடந்ததால் உனக்குப் போட்டிருக்கிறாள். "அம்மா இங்க பெங்களூர்லதான் ஆன்ட்டி இருக்காங்க, தூங்குறாங்க" என்றாய். அடுத்த முறையும் தூங்கினேன், அதற்கடுத்த முறையும் தூங்கினேன். "ஏம்ப்பா, ஒரு மனுஷி எந்நேரமும் தூங்குவாங்களா, அதுவும் உங்கம்மா?" என்று அவள் கேட்டதும் போனை வைத்துவிட்டாய். அவள் நேரே மாமா வீட்டுக்குப் போய் உன் அத்தையிடம் விஷயத்தைக் கறந்துவிட்டாள். மருத்துவமனையில் "சொந்தக்காரங்களா?" என்று கேட்டு அவளை வாசலோடு திருப்பி அனுப்பினார்கள். திரும்பியவள் வீட்டுக்குப் போகவில்லை. கடலூர் கோர்ட்டில் இலவச சட்ட உதவி கிடைக்கும் இடத்துக்குப் போய், ஒரு சின்ன வயசு வக்கீல் அம்மாவைக் கையோடு கூட்டி வந்தாள். அந்தப் பெண்தான் அத்தனை நாளில் முதன்முதலாக என் முகத்தைப் பார்த்து, "உங்களுக்கு என்னம்மா வேணும்?" என்று கேட்டவள். அழுதுவிட்டேன்.

அவள் சொல்லித்தான் எனக்குச் சட்டம் தெரியும். படித்த நமக்கு, பட்டா மாற்றத் தெரியும், பென்ஷன் வாங்கத் தெரியும், இது தெரியாது. ஒருவரை அவர் சம்மதம் இல்லாமல் சேர்க்கவே கூடாது என்று சட்டம் சொல்லவில்லை. தன்னையோ அடுத்தவரையோ காயப்படுத்தக் கூடியவராக இருந்தால், அல்லது தன்னைப் பார்த்துக்கொள்ள முடியாமல் ஆபத்தில் இருந்தால், சேர்க்கலாம். அதையும் மனநல டாக்டர் ஒருவரும், இன்னொரு டாக்டரோ மனநல நிபுணரோ ஒருவரும் தனித்தனியாகப் பரிசோதித்து எழுத வேண்டும். சேர்த்தது பெண் என்றால் மூன்று நாளுக்குள் அதற்கென்று இருக்கிற மறுஆய்வு வாரியத்துக்குத் தெரிவிக்க வேண்டும். முப்பது நாளுக்கு மேல் வைக்க வேண்டுமென்றால் எல்லாவற்றையும் புதிதாகப் பரிசோதித்து, வாரியமும் ஒத்துக்கொள்ள வேண்டும். நோயாளியே வாரியத்திடம் முறையிடலாம், வக்கீலுக்குக் காசு கிடையாது. போன் பேசலாம், சொந்தத் துணியை உடுத்தலாம், என்ன மருந்து தருகிறீர்கள் என்று கேட்கலாம். கட்டுவது தண்டனையாக இருக்கவே கூடாது. இவ்வளவும் அந்தக் கதவுக்குள்ளே எனக்கு இருந்தது, எனக்குத்தான் யாரும் சொல்லவில்லை. வக்கீல் பெண் மருத்துவமனையில் காகிதங்களைக் கேட்டபோது இரண்டாவது ஆள் பரிசோதித்த தாளும் இல்லை, வாரியத்துக்கு எழுதியதும் இல்லை. அன்று சாயங்காலமே வீட்டுக்குப் போகலாம் என்றார்கள். யாரும் வருத்தம் தெரிவிக்கவில்லை, புடவையை ஒரு பையில் போட்டுக் கொடுத்தார்கள்.

இப்போது நீ கேட்டதற்கு வருகிறேன். மகனுக்குக் கல்யாணம் வருகிறது என்பது நான் மேலே எழுதிய காரணங்கள் எதிலும் அடங்காது. மாத்திரை தவறாமல் போடுகிறேன், மாதாமாதம் நானே போய் டாக்டரைப் பார்க்கிறேன், தூங்குகிறேன். ரெஸ்ட் என்று சொல்லி நானே கையெழுத்துப் போட்டுச் சேர்ந்தால், நான் கேட்கும்போது என்னை விட வேண்டும். அப்படி விட்டால் உங்கள் ஏற்பாடு பலிக்காது. ஆகவே வேறு மாதிரிதான் சேர்ப்பீர்கள், அதற்கு வேறு ஏதாவது கதை சொல்லி வண்டியில் ஏற்றுவீர்கள். என்னை வைத்தியத்துக்கு அனுப்பவில்லை நீங்கள், சம்பந்தி வீட்டார் கண்ணில் படாமல் ஒளித்து வைக்கப் பார்க்கிறீர்கள். வெட்கமாக இருக்கிறது என்று நேராகச் சொல்லியிருந்தால் எனக்குக் கொஞ்சம் வலித்திருக்கும், ஆனால் பதில் பேசியிருக்கலாம்.

ஒளிப்பது இந்த வீட்டில் உன்னிடம் ஆரம்பிக்கவில்லை. பி.எட். படிக்கும்போதே எனக்கு முதல் தடவை வந்துவிட்டது. என் அப்பா படிப்பு நின்றதற்கு மஞ்சள் காமாலை என்று சொல்லி என்னைக் கட்டிக் கொடுத்தார். நானும் அந்த மாத்திரையைக் கால்சியம் என்று சொல்லி உன் அப்பாவுக்கு எதிரிலேயே விழுங்கினேன். நீ பிறந்து சில மாதத்தில் எழுந்திருக்க முடியாமல் படுத்தேன், அப்போதுதான் அவருக்குத் தெரிந்தது. "மொதல்லயே சொல்லியிருந்தா என்னா? நான் ஓடியா போயிருப்பேன்?" என்று கேட்டார். ஓடித்தான் இருப்பார் என்று இன்றைக்கும் எனக்குத் தோன்றுகிறது. ஆனால் நிற்கிறாரா ஓடுகிறாரா என்று அவரே முடிவு செய்ய நான் விடவில்லை. கடைசி வரைக்கும் என் மாத்திரையை அவர்தான் எடுத்துக் கொடுத்தார், கொடுக்கும்போதெல்லாம் "இந்தா, கால்சியம்" என்று குத்திக் காட்டிச் சிரிப்பார். அந்தச் சிரிப்பில் கொஞ்சம் கோபமும் இருந்தது. நிவேதாவுக்கு அப்படி ஒரு கோபத்தை நீ சீதனமாகக் கொடுக்காதே. கல்யாணத்துக்கு முன்னாலேயே சொல். என் வியாதியை யாரிடம் சொல்லலாம் என்பது என் உரிமை, அதுவும் சட்டத்தில் இருக்கிறது. அந்த உரிமையை வைத்து உனக்கு அனுமதி தருகிறேன். அவள் வேண்டாம் என்று போனால் அது என்னால்தான் என்று நீ வாழ்நாள் பூராவும் சொல்லிக்கொள், கேட்டுக்கொள்கிறேன்.

இன்னொன்று. மறுபடி எனக்கு வந்து, என்னால் முடிவு எடுக்க முடியாமல் போனால், எனக்காகப் பேச ஒருவரை நானே நியமித்துக்கொள்ளலாம். எந்த வைத்தியம் வேண்டும், எது வேண்டாம் என்றும் முன்கூட்டியே எழுதி வைக்கலாம். இரண்டையும் செய்துவிட்டேன். நியமித்தது மெஹரை. மாமாவுக்கு இனிமேல் அந்த இடத்தில் வேலை இல்லை, உனக்கும் இல்லை. மெஹரிடம் கேட்டபோது, "டீச்சர், உங்களுக்கு முடியாமப் போச்சுன்னா நானே இழுத்துட்டுப் போவேன். ஆனா சொல்லிட்டுத்தான் இழுப்பேன்" என்றாள். எனக்கு அது போதும். சொந்த மகன் இருக்கும்போது வெளி ஆளா என்று ஊர் கேட்கும், நீயும் கேட்பாய். சொந்தக்காரர் கையெழுத்துக்காகக் காத்துக்கொண்டுதான் சேத்தியாத்தோப்பு அக்கா இன்னும் அங்கே இருக்கிறார். போன வாரம் நானும் மெஹரும் பார்க்கப் போனோம். வக்கீல் பெண் அவருக்காக வாரியத்தில் மனு போட்டிருக்கிறாள், வெளியே தங்க இடமும் தேடுகிறாள். அக்காவின் தம்பி, தன் வீட்டில் இடம் இல்லை என்று எழுதிக் கொடுத்துவிட்டாராம். அக்கா அதை நம்பவில்லை. "பொங்கலுக்கு வெள்ளை அடிச்சதும் கூப்பிடுவான்" என்று என்னிடம் சொன்னார்.

உன்மேல் எனக்குக் கோபம் இருக்கிறது, பாசமும் இருக்கிறது, இரண்டையும் நான் மறைக்கவில்லை. மூன்றாவதாக ஒன்று இருக்கிறது, அதை மட்டும் இதுவரை உன்னிடம் சொல்லவில்லை. எனக்கு உன்னைப் பார்த்தால் பயம். போன தீபாவளிக்கு, "வாம்மா, கடலூர் போய்த் துணி எடுத்துட்டு வரலாம்" என்று கூப்பிட்டாய். முட்டிவலி என்று சொன்னேன். என் முட்டிக்கு ஒரு கேடும் இல்லை. கண் டாக்டரிடம் கூட்டிப் போகிறேன் என்றபோதும், பிச்சாவரம் போகலாம் என்றபோதும் ஏதாவது சாக்குச் சொல்லித் தட்டிக் கழித்தேன். நீ உண்மையாகத்தான் கூப்பிட்டிருப்பாய். அது எனக்குத் தெரியவில்லையே, அதுதான் பிரச்சினை. இனி என்னை எங்கே கூப்பிடுவதாக இருந்தாலும், ஆஸ்பத்திரியே ஆனாலும், எங்கே போகிறோம் என்று சொல்லிவிட்டுக் கூப்பிடு. சொல்லிச் சொல்லித்தான் இது சரியாக வேண்டும், ஒரே நாளில் ஆகாது.

கல்யாணத்துக்கு நான் வருவேன். வர வேண்டாம் என்று நினைத்தால் அதை நீயே உன் வாயால் சொல், மாமா வழியாகச் சொல்லாதே. நீ சொன்னால் இங்கே வீட்டில் இருந்துகொள்கிறேன், அன்றைக்குச் சாயங்காலம் உங்களுக்காகச் சாமிக்கு விளக்கேற்றுவேன், வேறு எங்கேயும் போய்ப் படுக்க மாட்டேன். வரச் சொன்னால் மெஹரோடு காலை பஸ்ஸில் கடலூர் வந்து, பஸ் ஸ்டாண்டிலிருந்து ஷேர் ஆட்டோ பிடித்து மண்டபத்துக்கு வந்துவிடுவேன். மாப்பிள்ளையின் அம்மா ஆட்டோவில் வந்து இறங்குகிறாள் என்று நாலு பேர் பேசுவார்கள், பேசட்டும். நீ தயவுசெய்து வண்டி மட்டும் அனுப்பாதே. அனுப்பினால் நான் ஏற மாட்டேன், கல்யாண நாளும் அதுவுமாக உனக்கு அது கஷ்டமாக இருக்கும்.

அம்மா